எட்டு வயதில் எழுதிய சிம்பொனி: மொசார்ட்டின் கே 16

போலந்தின் கிராகோவ் நகரில் உள்ள யாகியெல்லோனியன் நூலகத்தில் பழைய இசைத் தாள்களின் கட்டு ஒன்று இருக்கிறது. அதன் தலைப்பு இத்தாலிய மொழியில், சுருக்கமாக: வொல்ஃப்காங் மொசார்ட்டின் சிம்பொனி, லண்டன், 1764. உள்ளே ஓடுவது பையனின் கையெழுத்து. அங்கங்கே அடித்தல், திருத்தல். சில திருத்தங்கள் அப்பாவின் கையில். மொசார்ட் பிறந்தது 1756 ஜனவரி 27 அன்று. அப்படியானால் இதை எழுதும்போது அவனுக்கு எட்டு வயது.

இதைத்தான் மொசார்ட்டின் முதல் சிம்பொனி என்கிறார்கள். அவருடைய படைப்புகளுக்கான பட்டியலில் எண் கே 16. மூன்று பகுதிகள், வாசித்து முடிக்கப் பன்னிரண்டு நிமிடம் போல ஆகும். இதைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் இரண்டு வழிகளில் போகிறது. தெய்வக் குழந்தை, பிறவி ஞானம் என்று மெய்சிலிர்ப்பவர்கள் ஒரு பக்கம். அப்பா எழுதிக் கொடுத்ததைப் பிள்ளை பேரில் போட்டார்கள் என்று ஒதுக்குபவர்கள் இன்னொரு பக்கம். எனக்கு இரண்டும் ஒப்பவில்லை. லண்டனில் ஒரு கோடைகாலத்தில், இரண்டு மூன்று பேருடைய இசையைக் காது நிறையக் கேட்ட பிள்ளை தொழில் பழகியதன் பதிவு இது. அப்படி எடுத்துக்கொண்டு கேட்டால் அழகு எங்கே இருக்கிறது, தடுமாற்றம் எங்கே இருக்கிறது என்று இரண்டும் தெளிவாகப் புலப்படும்.

மொசார்ட் குடும்பம் சால்ஸ்பர்கிலிருந்து கிளம்பியது 1763 ஜூன் 9 அன்று. அப்பா லியோபோல்ட் சால்ஸ்பர்க் பேராயரின் அரண்மனையில் இசைக் கலைஞர். வயலின் கற்பிக்கும் முறை பற்றிப் புத்தகம் எழுதி ஐரோப்பா முழுக்கப் பேர் வாங்கியவர். அம்மா அன்னா மரியா, அக்கா நானெர்ல், தம்பி வொல்ஃப்காங். ஏழாண்டுப் போர் அந்த வருடத் தொடக்கத்தில்தான் முடிந்திருந்தது என்பதால் வண்டி கட்டிக்கொண்டு தேசம் தேசமாகப் போக முடிந்தது. வழியில் ஷ்வெட்ஸிங்கனில் மான்ஹைம் ஆர்கெஸ்ட்ராவைக் கேட்டார்கள். அன்றைய ஜெர்மன் தேசத்தின் மிகச் சிறந்த ஆர்கெஸ்ட்ரா அதுதான் என்று லியோபோல்ட் புகழ்ந்து எழுதினார். குளிர்காலம் பாரிஸில் கழிந்தது. 1764 ஏப்ரல் 23 அன்று லண்டன் வந்து சேர்ந்தார்கள்.

வந்த நான்காம் நாளே மூன்றாம் ஜார்ஜ் மன்னர் முன்னிலையிலும் ராணி ஷார்லட் முன்னிலையிலும் வாசிக்க அழைப்பு. ஜூன் 5 அன்று ஸ்பிரிங் கார்டன்ஸ் அரங்கில் பொதுக் கச்சேரி. மூன்று மணி நேரத்தில் நூறு கினி (அன்றைய ஆங்கிலேயத் தங்கக் காசு) சம்பாதித்ததாக லியோபோல்ட் ஊருக்குக் கடிதம் எழுதினார். பத்திரிகை விளம்பரத்தில் பையனுக்கு ஏழு வயது, பெண்ணுக்குப் பதினொன்று என்று போட்டிருந்தார். ஆளுக்கு ஒரு வயது குறைத்துவிட்டார். அவருடைய கணக்கு வழக்கெல்லாம் இப்படித்தான். பிள்ளைகளின் திறமை பொய்யில்லை, ஆனால் அதை விற்கும்போது கொஞ்சம் மெருகு போடுவார்.

ஜூலை 8 அன்று நடந்தது எல்லாவற்றையும் மாற்றியது. ஒரு பிரபுவின் வீட்டில் கச்சேரி. வண்டி கிடைக்கவில்லை. பிள்ளைகளைச் சுமந்து செல்லும் நாற்காலிப் பல்லக்கில் ஏற்றிவிட்டு, லியோபோல்ட் பின்னாலேயே வேகவேகமாக நடந்தார். வேர்த்து விறுவிறுத்துப் போய், பிறகு மாலைக் குளிரில் மாட்டிக்கொண்டார். தொண்டையில் ஆரம்பித்த நோய் ஆளையே சாய்த்துவிட்டது. ஆகஸ்ட் 6 அன்று நல்ல காற்றுக்காக நகரத்துக்கு வெளியே செல்சீ பக்கம் குடிபோனார்கள். அன்று வயல்வெளி, இன்று லண்டனின் நடுவே எபரி தெரு, 180ஆம் எண் வீடு. வாசலில் நினைவுப் பலகை உண்டு. ஏழு வாரம் போல அங்கே இருந்தார்கள்.

அக்கா நானெர்ல் பல வருடம் கழித்து, தம்பி இறந்த பின், அந்த நாட்களை நினைவுகூர்ந்தார். 1800இல் ஒரு ஜெர்மன் இசைப் பத்திரிகையில் அது அச்சானது. அப்பா உயிருக்குப் போராடிக்கொண்டிருந்ததால் பியானோவைத் தொடக் கூடாது என்று உத்தரவு; பொழுது போக வேண்டுமே என்று தம்பி முதல் சிம்பொனியை எழுதினான், எல்லா வாத்தியங்களும் வைத்து, முக்கியமாக டிரம்பெட்டும் கெட்டில் டிரம்மும் வைத்து; நான் பக்கத்தில் உட்கார்ந்து அதைப் படியெடுத்தேன்; ஹார்னுக்கு உருப்படியாக ஏதாவது வேலை கொடுக்க வேண்டும், எனக்கு ஞாபகப்படுத்து என்று அவன் சொன்னான். அவர் சொன்னதன் சாரம் இது.

அருமையான காட்சிதான். ஆனால் கிராகோவில் இருக்கும் தாள்களோடு வைத்துப் பார்த்தால் இடிக்கிறது. கே 16இல் டிரம்பெட்டும் இல்லை, கெட்டில் டிரம்மும் இல்லை. ஓபோ என்ற மரக்குழல் இரண்டு, இரண்டு ஹார்ன், வயலின் இரண்டு அணி, வயலினைவிடச் சற்றுப் பெரிய வயோலா, அடியில் கீழ்க்குரலைத் தாங்கும் பேஸ், அவ்வளவுதான். பிரதியும் நானெர்லின் கையில் இல்லை. அப்படியென்றால் அவர் நினைவில் இருந்தது வேறு சிம்பொனியாக இருக்கலாம். சி மேஜர் என்ற சுருதியில் மொசார்ட் சின்ன வயதில் எழுதிய ஒரு சிம்பொனியின் தொடக்க வரி மட்டும் பழைய பதிப்பகப் பட்டியல் ஒன்றில் தங்கியிருக்கிறது, மற்றது தொலைந்துவிட்டது. அந்தக் காலத்தில் டிரம்பெட்டும் டிரம்மும் சேர்க்க சி மேஜர்தான் வழக்கமான சுருதிகளில் ஒன்று. செல்சீயில் எழுதியது அப்படி ஏதோ ஒன்றாக இருந்திருக்கலாம். ஆகவே கே 16 நமக்குக் கிடைத்தவற்றில் முதலாவது என்று சொல்வதுதான் சரி. முப்பத்தைந்து வருடத்துக்கு முந்தைய நினைவை நானெர்ல் கலந்து சொல்லியிருக்கவும் கூடும். ஹார்ன் விஷயம் மட்டும் கே 16க்குக் கச்சிதமாகப் பொருந்துகிறது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

இந்தச் சிம்பொனியை நியாயமாக எடைபோட வேண்டும் என்றால் 1764இல் சிம்பொனி என்றால் என்ன என்று தெரிந்திருக்க வேண்டும். இன்று அந்தச் சொல்லைக் கேட்டதும் பெரிய ஆர்கெஸ்ட்ரா, ஒரு மணி நேரம், பீத்தோவன், இருட்டான அரங்கில் மூச்சுக் காட்டாத கூட்டம் எல்லாம் நினைவுக்கு வருகின்றன. அதெல்லாம் பிறகு வந்தது. இத்தாலிய ஓபராவில் திரை தூக்குவதற்கு முன் வாசிக்கும் முன்னிசை மூன்று துண்டாக இருக்கும்: வேகம், மெதுவு, மறுபடி வேகம். அந்த முன்னிசை மேடையிலிருந்து பிரிந்து தனியாக நடமாட ஆரம்பித்ததுதான் சிம்பொனி. லண்டன்காரர்கள் அப்போதும் அதை ஓவர்ச்சர் என்றே விளம்பரம் செய்தார்கள். கச்சேரியின் தொடக்கத்தில், ஜனங்கள் வந்து உட்கார்ந்து பேச்சை நிறுத்துவதற்குள் வாசிப்பது. பிறகு பாட்டு, தனி வாத்தியம், இடைவேளை முடிந்து இன்னொரு ஓவர்ச்சர். கவனம் எல்லாம் பாடகர்மேலும் தனி வித்வான்மேலும்தான். அதற்காக யாரும் அக்கறையில்லாமல் எழுதினார்கள் என்று அர்த்தமில்லை. எஸ்டர்ஹாசி பிரபுவின் அரண்மனையில் மூத்த இசையமைப்பாளர் ஹைடன் அதே வருடங்களில் சிம்பொனி வடிவத்தை ஒவ்வொன்றாகச் சோதித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆனால் லண்டனில் பையனின் காதில் விழுந்தது வேறு இருவரின் இசை.

முதலாமவர் யோஹான் கிறிஸ்டியன் பாக். பெரிய பாக்கின், அதாவது யோஹான் செபாஸ்டியன் பாக்கின், கடைசி மகன், 1735இல் பிறந்தவர். இத்தாலியில் பயின்று ஓபரா எழுதிவிட்டு 1762இல் லண்டன் வந்து, ராணிக்கு இசை ஆசிரியராக இருந்தார். இரண்டாமவர் கார்ல் ஃபிரீடிரிக் ஆபெல். கால்களுக்கு நடுவே பிடித்து வில்லால் வாசிக்கும் வியோலா டா காம்பா என்ற தந்தி வாத்தியத்தில் அந்தத் தலைமுறையின் உச்சம். இருவரும் சேர்ந்து நடத்திய சந்தாக் கச்சேரிகள் 1765 ஜனவரியில் சோஹோ சதுக்கத்தின் கார்லைல் ஹவுஸில் தொடர் வரிசையாகத் தொடங்கின. மொசார்ட் குடும்பம் செல்சீயிலிருந்து திரும்பிக் குடியிருந்த ஃபிரித் தெரு அங்கிருந்து கூப்பிடு தூரம். கிறிஸ்டியன் பாக் பையனைத் தன் முழங்கால்களுக்கு நடுவே உட்காரவைத்து, இவர் சில பார், அதாவது சில தாளக் கட்டங்கள், வாசிக்க அவன் தொடர, அவன் விட்ட இடத்தில் இவர் பிடிக்க, ஒரு சொனாட்டா முழுவதையும் வாசித்தார்கள் என்றும், பார்க்காமல் கேட்டவர் ஒரே ஆள் வாசிக்கிறார் என்றே நினைப்பார் என்றும் நானெர்ல் சொல்லியிருக்கிறார். கிறிஸ்டியன் பாக் 1782 ஜனவரி முதல் நாள் இறந்தபோது, இசை உலகுக்கு இழப்பு என்று மொசார்ட் அப்பாவுக்கு எழுதினார். அந்த வருடம் எழுதிய பியானோ கான்செர்ட்டோ ஒன்றின் மெதுவான பகுதியைப் பாக்கின் மெட்டு ஒன்றில்தான் தொடங்கினார். கடன்பட்டதை மறக்கவில்லை.

கற்றுக்கொண்ட விதம் என்ன? பார்த்து எழுதுவது. ஆபெலின் ஈ ஃபிளாட் மேஜர் சிம்பொனி ஒன்றைப் பையன் முழுதாகத் தன் கையால் படியெடுத்திருக்கிறான். கையெழுத்து மொசார்ட்டுடையது என்பதால் பின்னால் வந்தவர்கள் இசையும் அவருடையதே என்று எண்ணி கே 18 என்று எண் கொடுத்து, மூன்றாவது சிம்பொனி என்று வரிசையிலும் வைத்துவிட்டார்கள். அது ஆபெலுடையது என்று பிறகு தெரிந்தது. இரண்டாவது என்று எண்ணியதும் மொசார்ட்டுடையது இல்லை என்றே இப்போது கருதுகிறார்கள். நாற்பத்தொரு சிம்பொனி என்ற கணக்கில் இரண்டும் மூன்றும் அவருடையவை இல்லை. கணக்கில் சேராமல் பிற்பாடு கிடைத்தவை வேறு இருக்கின்றன. ஆனால் ஆபெலின் அந்தப் படி நமக்குப் பெரிய உதவி. எந்த வாத்தியத்துக்கு எந்த வரி, எப்போது ஓபோ சும்மா இருக்க வேண்டும், ஹார்ன் எங்கே தாங்கிப் பிடிக்க வேண்டும் என்பதெல்லாம் வரி வரியாக எழுதும்போது கையில் ஏறிவிடும். கே 16உம் அதே ஈ ஃபிளாட் மேஜரில், அதே மூன்று பகுதி அமைப்பில் இருக்கிறது.

இனி இசைக்குள் போவோம்.

முதல் மூன்று பார்: எல்லா வாத்தியமும் ஒரே குரலில், உரக்க, மேஜர் கார்டின் ஸ்வரங்களை, அதாவது நம் கணக்கில் ச, க, ப மூன்றையும், அறிவிப்புபோல ஒலிக்கின்றன. பேச்சை நிறுத்துங்கள், கச்சேரி தொடங்குகிறது என்பதற்கான அன்றைய அடையாளம் அது. அரைடஜன் லண்டன் சிம்பொனிகளில் இதைக் கேட்கலாம். அடுத்து வரும் எட்டு பார்தான் விசேஷம். சத்தம் சட்டென்று அடங்குகிறது. மெட்டு என்று சொல்ல எதுவும் இல்லை. நீண்ட நீண்ட ஸ்வரங்கள் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து நகர்கின்றன. கீழே கார்ட் மாறிய பிறகும் மேலே ஒரு குரல் பழைய ஸ்வரத்தையே பிடித்துக்கொண்டு நிற்கும். இரண்டும் லேசாக உரசும். பிறகு மேல் குரல் ஒரு படி இறங்கிப் பொருந்தும். அதற்குள் இன்னொரு இடத்தில் அடுத்த உரசல். சஸ்பென்ஷன் என்பார்கள். தேவாலய இசையில் ஊறிய உத்தி இது. சால்ஸ்பர்க் தேவாலயத்தில் கேட்டு வளர்ந்ததை லண்டன் நாகரிக அறிவிப்புக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறான். உரக்கச் சொன்ன ஒன்றும் உள்ளுக்குள் பேசிக்கொள்ளும் ஒன்றும் தோளோடு தோள் நிற்கின்றன. பெரியவரான பிறகு மொசார்ட் திரும்பத் திரும்பச் செய்தது இதுதான். கடைசிச் சிம்பொனி தொடங்குவதும் இதே மாதிரி ஓர் எதிர்நிலையில்தான்.

மூன்று பாருக்கு எட்டு பார் பதில் என்பது கொஞ்சம் விநோதமான அளவு. நாலுக்கு நாலு என்று வெட்டிவைத்தாற்போல் போகும் காலத்து இசையில் இது காதுக்கு வித்தியாசமாகப் படும். அதைச் சொல்லி முடித்ததும் என்ன செய்கிறான்? அப்படியே முழுதையும் இன்னொரு முறை சொல்கிறான். மொத்தம் இருபத்திரண்டு பார் கிளம்பிய இடத்திலேயே நிற்கிறோம். எனக்கு இங்கே எட்டு வயது கேட்கிறது. நல்லதாக ஒன்று அகப்பட்டுவிட்டது, அடுத்து எங்கே போவது என்று இன்னும் தெரியவில்லை, சரி, இன்னொரு தரம் சொல்வோம் என்ற மாதிரி. அதற்கடுத்து வயலின்கள் அதிர, கீழே வயோலாவும் பேஸும் படிப்படியாக ஸ்கேலில் ஏறுகின்றன. இது பையன் ஊர் ஊராகப் பொறுக்கிய சரக்கு. பரபரப்பை உண்டாக்க எல்லாரும் செய்தது. ஆனால் சரியான இடத்தில் வருகிறது.

இரண்டாம் பாதி தொடக்கத்து அறிவிப்பை வேறு சுருதியில், பி ஃபிளாட்டில், எடுத்துக்கொண்டு, அப்புறம் சி மைனருக்குத் திருப்பி ஒரு நிமிடம் முகத்தைக் கறுக்கவைத்துவிட்டு வீடு திரும்புகிறது. திரும்பும்போது தொடக்க அறிவிப்பு சொந்தச் சுருதியில் மறுபடி வருவதில்லை. பின்பாதி விஷயங்கள் மட்டும் வருகின்றன. பிற்காலப் பாடப்புத்தகங்களைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தால் இது பிழைபோலத் தோன்றும். 1764இல் அது சர்வசாதாரணம். பல பெரியவர்கள் அப்படித்தான் எழுதினார்கள்.

நடுப்பகுதி ஆண்டான்டே, அதாவது நிதான நடை, சி மைனர் சுருதியில். மொத்தச் சிம்பொனியில் என் மனம் போய் நிற்பது இங்கேதான். மேலே வயலின்கள் மூன்று மூன்றாக மெல்லத் துடித்துக்கொண்டே இருக்கின்றன. கீழே பேஸ் இரண்டு இரண்டாக அடியெடுத்து வைக்கிறது. மூன்றும் இரண்டும் ஒரே காலத்துக்குள் மோதுவதால் தாளம் முழுசாக நிலைகொள்வதில்லை. ஓபோவும் ஹார்னும் நீண்ட ஸ்வரங்களை மேலே போர்த்துகின்றன. இதிலும் பாடத்தக்க மெட்டு இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். ஓபராவில் இரவுக் காட்சி, யாரோ யாருக்காகவோ காத்திருப்பது என்றால் இப்படித்தான் ஆர்கெஸ்ட்ரா அடியில் ஓடும். மேலே பாட்டு வரும். இங்கே பாட்டு வராமலேயே அந்தச் சூழல் மட்டும் நிற்கிறது. லண்டனில் பையன் ஓபரா கேட்டான், இத்தாலியப் பாடகர் மன்சூவோலியிடம் பாட்டும் கற்றான். மேடை அவன் காதுக்குள் எவ்வளவு சீக்கிரம் புகுந்துவிட்டது என்பதற்கு இந்த ஆண்டான்டே சாட்சி.

ஹார்ன் சமாசாரத்துக்கு வருவோம். அன்றைய ஹார்னில் வால்வு கிடையாது. சுருட்டிய பித்தளைக் குழாய், ஊதுபவரின் உதடு, இரண்டுதான். குழாயின் நீளம் எந்த ஸ்வரங்களை இயல்பாக எழுப்புமோ அவை மட்டுமே கிடைக்கும். அதனால் சிம்பொனிகளில் ஹார்னுக்குப் பெரும்பாலும் கார்டைத் தாங்கிப் பிடிக்கிற வேலைதான். கே 16இன் ஆண்டான்டேயில் சில பார் தாண்டியதும் ஹார்னுக்கு நான்கு ஸ்வரம் கொண்ட வரி ஒன்று கிடைக்கிறது: ச, ரி, ம, க. மெதுவாக, ஒன்றன்பின் ஒன்றாக. மேல் ஸ்தாயியில்தான் வால்வில்லா ஹார்னுக்கு அடுத்தடுத்த ஸ்வரங்கள் கிடைக்கும் என்பது அவனுக்குத் தெரிந்திருக்கிறது. இதில் வரும் ம, குழாய் இயல்பாகத் தரும்போது சற்றே ஏறி ஒலிக்கும். வாசிப்பவர்தான் உதட்டால் இறக்கிச் சேர்க்க வேண்டும். அக்காவிடம் சொன்னதாகச் சொல்லப்படும் அந்த ஹார்ன் ஆசை இதுவாக இருந்தால் எனக்குச் சந்தோஷம்.

இந்த நான்கு ஸ்வரங்களை வைத்து ஒரு பெரிய கதையே ஓடுகிறது. 1788 ஆகஸ்ட் 10 அன்று எழுதி முடித்த கடைசிச் சிம்பொனியின், ஜூபிட்டர் என்று எல்லாரும் அழைப்பதன், இறுதிப் பகுதி இதே நான்கு ஸ்வரங்களில்தான் எழும்புகிறது. முதல் சிம்பொனியில் விதைத்ததைக் கடைசிச் சிம்பொனியில் அறுவடை செய்தார் என்று எழுதாதவர் குறைவு. கேட்க இனிக்கிறது. ஆனால் ச-ரி-ம-க மொசார்ட்டின் சொந்தச் சொத்து இல்லை. தேவாலயப் பாடல்களிலும், பல மெட்டுகளை ஒருசேரப் பின்னும் எதிரிசையைப் பழகுவதற்கான பயிற்சிகளிலும் தலைமுறைகளாகப் புழங்கிய வரி அது. ஹைடனின் 13ஆம் சிம்பொனியின் இறுதிப் பகுதி இதன்மேல் நிற்கிறது. அது 1763இலேயே எழுதப்பட்டது. மொசார்ட்டும் இடையில் 1774இன் எஃப் மேஜர் மிஸ்ஸா பிரேவிஸில் (சுருக்கமான தேவாலய வழிபாட்டு இசை), பிறகு 33ஆம் சிம்பொனியில் எல்லாம் இதைக் கையாண்டார். எனவே எட்டு வயதில் வருங்காலத்தைக் கண்டார் என்பதைவிட, அன்று இசை படித்த எல்லார் கையிலும் இருந்த ஒன்றை அவர் வாழ்நாள் முழுக்கக் கூடவே வைத்திருந்தார் என்பதுதான் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கிறது. இரண்டு இடத்திலும் வேலை வேறு. 1764இல் அது துடிக்கும் வயலின்களுக்கு நடுவே ஹார்ன் விடும் ஒரு மூச்சு. 1788இல் அது ஐந்து மெட்டுகளை ஒரே சமயத்தில் பின்னும் கட்டடத்தின் அடிக்கல்.

மூன்றாம் பகுதி, பிரெஸ்டோ, அதாவது மிக வேகம். மூன்றெட்டுத் தாளத்தில் துள்ளி ஓடுகிறது, முதல் பகுதியின் அறிவிப்பை நினைவூட்டித் தொடங்குகிறது, சீக்கிரம் முடிகிறது. அங்கங்கே அரைஸ்வர நழுவல்கள் நன்றாக இருக்கின்றன. அதற்குமேல் இதைப் பற்றிச் சொல்ல எனக்கு ஒன்றுமில்லை.

சரி, இது உண்மையிலேயே பையன் எழுதியதுதானா? அப்பாவின் திருத்தங்கள் இருக்கின்றன, அதை மறைக்க வேண்டியதில்லை. எந்த மாணவனின் நோட்டிலும் ஆசிரியரின் மை இருக்கும். கேள்வி, எலும்புக்கூடு யாருடையது என்பது. அதற்கு வேறு சான்று இருக்கிறது. லண்டனில் பையன் வைத்திருந்த நோட்டுப் புத்தகம் ஒன்று கிடைத்திருக்கிறது. அதில் நாற்பத்து மூன்று சின்னச் சின்ன உருப்படிகள், அவன் கையிலேயே. அப்பா கைவைக்காத நோட்டு. பிழைகள் அப்படியே கிடக்கின்றன. சில இடங்களில் கார்ட் தப்பாகப் போகிறது, சில இடங்களில் பாதியில் விட்டிருக்கிறான். சில உருப்படிகள் விசைப்பலகையில் வாசிக்கச் சௌகரியமாகவே இல்லை. ஆர்கெஸ்ட்ராவை மனதில் வைத்து எழுதியதுபோல இருக்கின்றன. ஆனால் எடுத்த கருத்தை எப்படி வளர்ப்பது, எப்போது சுருதி மாற்றுவது என்ற உணர்வு பக்கத்துக்குப் பக்கம் தெரிகிறது. அந்த நோட்டையும் கே 16ஐயும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால், சிம்பொனியைப் பிள்ளை எழுதி அப்பா சுத்தம் செய்தார் என்பது இயல்பாகவே பொருந்துகிறது.

அன்றே இந்தச் சந்தேகம் கிளம்பியது. டெயின்ஸ் பாரிங்டன் என்ற வழக்கறிஞர், இயற்கை ஆய்விலும் ஈடுபாடு உள்ளவர், 1765 ஜூனில் பையனை நேரில் சோதித்தார். யாரும் பார்த்திராத இருகுரல் பாட்டு ஒன்றின் கையெழுத்துப் பிரதியைக் கொண்டுபோய், பியானோவுக்கு முந்தைய விசைப்பலகை வாத்தியமான ஹார்ப்சிகார்டில் அவன் முன்னால் வைத்தார். இரண்டு வயலின், இரண்டு குரல், ஒரு பேஸ் என ஐந்து வரி. பையன் பார்த்த மாத்திரத்தில் வாசித்துக்கொண்டே மேல் குரலைப் பாடினான். கீழ்க் குரலை அப்பாவுக்கு விட்டான். அப்பா ஓரிரு இடத்தில் தவறினார். பையன் திரும்பிக் கோபமாகப் பார்த்து, விரலால் தவறைக் காட்டி, அப்பாவைச் சரிப்படுத்தினான். அப்புறம், காதல் பாட்டு ஒன்று, சினப் பாட்டு ஒன்று அங்கேயே கட்டச் சொன்னார். சினப் பாட்டில் நாற்காலியிலிருந்து எழுந்து எழுந்து ஹார்ப்சிகார்டை அறைந்தான். இடையில் அவனுக்குப் பிடித்த பூனை ஒன்று உள்ளே வந்ததும் வாத்தியத்தை விட்டு ஓடிவிட்டான். வெகுநேரம் திரும்பக் கூட்டிவர முடியவில்லை. கால்களுக்கு நடுவே கம்பை வைத்துக் குதிரை ஓட்டினான். இதையெல்லாம் பார்த்த பாரிங்டனுக்கு, வயதைக் குறைத்துச் சொல்கிறார்களோ என்ற ஐயம் தீரவில்லை. சால்ஸ்பர்கிலிருந்து பிறப்புப் பதிவை வரவழைத்துச் சரிபார்த்த பிறகுதான் லண்டன் அறிவியல் கழகமான ராயல் சொசைட்டிக்கு அறிக்கை அனுப்பினார். 1770இல் அது அங்கே வாசிக்கப்பட்டது. அப்பா தவறியபோது பையன் திருத்தினான் என்ற அந்த ஒரு வரி, எல்லாம் லியோபோல்ட் எழுதியது என்ற வாதத்துக்கு நல்ல பதில்.

சிம்பொனிகள் மேடை ஏறியது 1765 பிப்ரவரி 21 அன்று, ஹேமார்க்கெட் சிறிய அரங்கில் என்று நம்ப இடமிருக்கிறது. இரண்டு முறை தள்ளிப்போன கச்சேரி அது. ஓவர்ச்சர்கள் எல்லாம் இந்த அதிசயப் பிள்ளைகளே இயற்றியவை, வயது எட்டுதான் என்று விளம்பரம் வந்தது. அதற்குள் அவனுக்கு ஒன்பது முடிந்திருந்தது. கச்சேரிக்குச் சில நாள் முன்பு லியோபோல்ட் சால்ஸ்பர்கில் இருந்த வீட்டுக்காரர் ஹாகெனாவருக்கு எழுதிய கடிதத்தில் சலித்துக்கொள்கிறார்: சிம்பொனிகள் எல்லாம் வொல்ஃப்காங் எழுதியவை, நானே உட்கார்ந்து படியெடுக்க வேண்டும், இல்லையென்றால் தாளுக்கு ஒரு ஷில்லிங் கொடுக்க வேண்டும் என்று. நோயிலிருந்து எழுந்த அப்பா, மகனின் வயலின் வரிகளையும் ஹார்ன் வரிகளையும் இரவில் தாள் தாளாக எழுதிக்கொண்டிருந்திருப்பார். அந்த வாத்தியப் பிரதிகளில் பல தொலைந்துவிட்டன. ஆனால் எஃப் மேஜரில் ஒரு சிம்பொனி, கே 19ஏ, லியோபோல்டின் கையில் எழுதிய வாத்தியப் பிரதிகளாகவே மூனிக்கில் 1981இல் வெளிப்பட்டது. அதுவரை அதன் தொடக்க வரி மட்டுமே உலகத்துக்குத் தெரியும்.

கே 16இன் கையெழுத்துப் பிரதி கிராகோவ் போன கதையும் சாதாரணமானது இல்லை. பெர்லினில் பிரஷ்ய அரசு நூலகத்தில் இருந்த மொசார்ட், பீத்தோவன், பாக் கையெழுத்துப் பிரதிகள் இரண்டாம் உலகப் போரில் குண்டுவீச்சுக்குப் பயந்து சிலேசியாவுக்குக் கொண்டுபோகப்பட்டன. போர் முடிந்து எல்லைகள் மாறியதும் அந்தப் பகுதி போலந்திடம் வந்தது. பெட்டிகள் கிராகோவ் சேர்ந்தன. பல வருடம் வெளியுலகுக்குச் செய்தியே இல்லை. 1977இல் போலந்து அரசு அவற்றில் சிலவற்றைக் கிழக்கு ஜெர்மனிக்குத் திருப்பிக் கொடுத்தது. ஜூபிட்டர் சிம்பொனியின் பிரதி அப்படிப் பெர்லின் திரும்பியது. முதல் சிம்பொனி கிராகோவிலேயே இருக்கிறது.

கேட்க நினைப்பவர்களுக்கு ஒரு யோசனை. முதலில் ஆபெலின் ஈ ஃபிளாட் சிம்பொனியை, கே 18 என்று பெயர் தவறிப்போன அதை, கேளுங்கள். உடனே கே 16 கேளுங்கள். பழைய வாத்தியங்களில், சின்னக் குழுவாக வாசித்த பதிவு கிடைத்தால் நல்லது. வால்வில்லாத ஹார்னின் கரகரப்பு அதில்தான் இருக்கும். கட்டமைப்பில் ஆபெல்தான் மேல், அதில் சந்தேகம் வேண்டாம். ஒவ்வொரு பகுதியும் எவ்வளவு நீளம் வேண்டுமோ அவ்வளவுதான். பையனின் சிம்பொனியில் ஆண்டான்டே வந்ததும், ஆபெலிடம் இருந்து வராத ஏதோ ஒன்று காதில் படும். அதன் கடைசிப் பார்களில் இசை பலமாக முடிக்காமல் மெதுவாகத் தணிந்துபோகிறது. எட்டு வயதுப் பிள்ளைக்கு அங்கே சத்தம் கூட்டத் தோன்றவில்லை என்பதுதான் எனக்கு இந்தச் சிம்பொனியில் தீராத ஆச்சரியம்.